குருணித் தொங்கலுக்கு ஒரு பி மெமோ

கல்வராயன் மலைக்கும் கள்ளக்குறிச்சிக்கும் நடுவே ஆகாயத்தில் ஒன்பது தீவுகள் மிதந்துகொண்டிருந்தன. வெளியூர்க்காரர்களிடம் சொன்னால் நம்ப மாட்டார்கள். நம்பச் சொல்லி யாரும் அவர்கள் காலில் விழவும் இல்லை. நேர் கீழே இருந்த வடக்கனந்தல் ஊர்க்காரர்களுக்கு அது பழகிப்போன சமாச்சாரம். களத்தில் நெல் காயும்போது தலையை நிமிர்த்தி, "தோ, பெருந்தொங்கல் நெழலு வருது, நெல்லத் தள்ளிப் போடு" என்பார்கள், அவ்வளவுதான். ஒன்பதுக்கும் தொங்கல் என்று பெயர். மேலே குடியிருப்பவர்கள் தொங்கலார். பெருந்தொங்கலில் முந்நூறு குடும்பம், ஒரு கோயில், ஒரு குளம், குளத்தில் மீன் வேறு. ஒன்பதிலும் சின்னது குருணித் தொங்கல். பதினாறு வீடு, ஒரு பலாமரம், கொஞ்சம் சாமைக் கொல்லை, எந்நேரமும் விளிம்பில் நின்று கீழே எட்டிப் பார்த்து எல்லாருடைய உயிரையும் வாங்குகிற ஒரு செவலைப் பசு.

இருசம்மாள் அந்தக் குருணித் தொங்கல்காரி. பத்தொன்பது வயது. ஒன்பது தொங்கலிலும் சேர்த்து பிளஸ் டூ பாஸ் பண்ணிய முதல் பெண். மழையிலும் காற்றிலும் கயிற்றுக் கூடையில் இறங்கிப் போய்ப் படித்தவள். நர்ஸ் பயிற்சிக்கு விண்ணப்பம் போட்டு, இடமும் கிடைத்துவிட்டது. ஒரே ஒரு காகிதம் பாக்கி. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குள் சாதிச் சான்றிதழைக் கள்ளக்குறிச்சியில் இருந்த பயிற்சிப் பள்ளியில் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் இடம் அடுத்த பெயருக்குப் போய்விடும். வந்திருந்த கடிதத்தில் அப்படித்தான் போட்டிருந்தது, அடியில் சிவப்புக் கோடு வேறு.

செவ்வாய்க்கிழமை காலையில் பக்கத்தில் இருந்த தாலுகா ஆபீசுக்குப் போனாள். துணைத் தாசில்தார் இளஞ்செழியன் கெட்ட மனிதர் இல்லை. விதி என்று ஒன்று இருந்துவிட்டால் அதைக் கட்டிப்பிடித்துக்கொண்டு தூங்குகிற ரகம், அவ்வளவுதான்.

"சாதி சரி. தொங்கலார்னு பட்டியல்ல இருக்குது. கிராமம்னு போட்ட எடத்துல குருணித் தொங்கல்னு எழுதியிருக்கியே, அது எந்தக் குறுவட்டம், எந்தப் பிர்க்கா?"

"மேலங்க."

"மேலன்னா?"

இருசம்மாள் சன்னலைக் காட்டினாள். தூரத்தில் குருணித் தொங்கலின் அடிப்பாகம், செம்மண்ணும் பாறையுமாகத் தெரிந்தது.

"அதெல்லாம் ஊர் இல்லம்மா. சர்வே நம்பர் கெடையாது. எல்லைக்கல் கெடையாது. கிராமக் கணக்குல ஒரு வரி கெடையாது. ஊர்னா தரையில இருக்கணும்."

"எங்க தரை மேல இருக்குதுங்க."

"மேல இருந்தா அதுக்குப் பேரு கூரைம்மா" என்றார் அவர். பியூன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். பியூன் சிரித்ததும் இளஞ்செழியனுக்கும் குஷி வந்துவிட்டது. "உங்க ஊரு கீழ எறங்கி தரையில ஒக்காரட்டும். அடுத்த நிமிசமே எழுதித் தர்றேன்."

"கையெழுத்து போடுவீங்களா சார்?"

"போடுவேன்."

"சீலு?"

"சீலும் குத்துவேன், போ."

ஆபீசே சிரித்தது. இருசம்மாள் சிரிக்கவில்லை. அவள் தலைக்குள் எடைக்கணக்கு ஓட ஆரம்பித்துவிட்டது.

அந்தக் கணக்கு என்னவென்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் கதை நகராது. ஒவ்வொரு தொங்கலும் கற்றாழை நார் வடத்தால் ரோட்டோரப் புளியமரம் ஒன்றில் கட்டியிருக்கும். எடை குறைந்தால் தொங்கல் மேலே ஏறும். கூடினால் கீழே இறங்கும். அதனால் தொங்கலார் ஒவ்வொருவருக்கும் சொந்தமாக ஒரு கல் உண்டு. ஆள் எடைக்குச் சரியான கல், மேலே பேர் கொத்தியிருக்கும். விளிம்பில் ஒரு ராட்டினம், அதில் ரெண்டு கூடை. ஆள் ஒரு கூடையில் இறங்கினால் அவர் கல் மறு கூடையில் மேலே ஏறும். ஆள் திரும்பி ஏறினால் கல் கீழே போய் மரத்தடியில் உட்காரும். "இருசம்மா இருக்காளா?" என்று கேட்டால், "இல்ல, கல்லுதான் இருக்குது" என்பார்கள். புருஷன் கீழே கரும்பு வெட்டப் போயிருக்கும்போது பெண்டாட்டிமார் கல்லைப் பார்த்துத் திட்டுவதும் உண்டு. எதிர்த்துப் பேசாத புருஷன் என்று அதில் ஒரு திருப்தி.

இதையெல்லாம் கவனிப்பது எடைக்காரர் வேலை. குருணித் தொங்கலின் எடைக்காரர் இருசம்மாளின் அப்பா பச்சமுத்து. செருப்பே போட மாட்டார். ஒரு ஆட்டுக்குட்டி எடை கூடினாலும் உள்ளங்காலிலேயே அவருக்குத் தெரிந்துவிடும். அவருக்கு ஒரே ஒரு பயம்தான் இருந்தது. தொங்கல் மண்ணைத் தொடக்கூடாது. தொட்டால் ஒரு உலை கொதிக்கிற நேரத்துக்குள் வேர் விட்டுவிடும், அப்புறம் ஆயுசுக்கும் எழும்பாது. "தியாகதுருகம் கோட்டை மலை இன்னான்னு நெனச்சிக்கினு இருக்க? பத்தாவது தொங்கலு. ஒருவாட்டி ஒக்காந்துச்சு, முடிஞ்சுது கதை" என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லுவார்.

புதன்கிழமை மறியல் தொடங்கியது. இடஒதுக்கீட்டில் தங்கள் பங்கைக் கேட்டு ஜனங்கள் ரோட்டுக்கு மரத்தைச் சாய்த்துப்போட்டு உட்கார்ந்த எண்பத்தேழாம் வருஷம் அது. சங்கராபுரத்துக்குப் பஸ் இல்லை, கள்ளக்குறிச்சிக்குப் பஸ் இல்லை. கரும்பு வெட்டு நின்றுவிட்டது. கீழே கூலிக்குப் போயிருந்த தொங்கலார் எல்லாரும் வியாழக்கிழமை ராத்திரிக்குள் நடந்தே மரத்தடிக்கு வந்து சேர்ந்து அங்கேயே படுத்தார்கள். இருசம்மாள் வெள்ளிக்கிழமை விடிந்ததும் ராட்டினத்துக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டு ஒவ்வொருவரிடமும் ஒன்றே ஒன்றைத்தான் கேட்டாள்.

"மாமா, நீ ஏறி வா. கல்லு கீழ போவ வாணாம்."

கல்லும் மேலே, ஆளும் மேலே! கேட்டவுடன் முதலில் எல்லாருக்கும் திக்கென்றது. விஷயத்தைச் சொன்னதும் பல்லெல்லாம் தெரிய ஆரம்பித்தது. மூன்று நாளாக வேலை இல்லாமல் கை அரித்துக்கொண்டிருந்த ஜனம். ஊரையே கீழே இறக்கலாம் என்றால் விடுவார்களா? ஒருவர் ஏற, கல் போகாமல் இருக்க, ஏழெட்டுப் பேர் ராட்டினத்தை இழுக்க, தொங்கல் மெல்ல இறங்கியது. ஒரு பனை உயரம் இறங்கிவிட்டது.

வீட்டுக்குள் கம்மங்கூழ் குடித்துக்கொண்டிருந்த பச்சமுத்துவின் உள்ளங்கால் கூசியது. பாதிக் கூழோடு ஓடி வந்தார்.

"இன்னாடி பண்ணிக்கினு இருக்க? எடை ஜாஸ்தியாயிடுச்சுடி, ஊரு எறங்குது!"

"எறங்கட்டும்பா. ஏரியில தண்ணி இல்ல, அதுல எறக்கிடலாம். மண்ணத் தொடறதுக்குள்ள நான் ஓடிப்போயி அந்த சாரைக் கூட்டிக்கினு வந்துடறேன். ஒரு ஒலை நேரம்தான் கேக்கறேன்."

"வேர் வுட்டுட்டா?"

"வுடாமப் பாத்துக்கறதுக்குத்தான நீ இருக்க? ஒன்ன மாதிரி எடைக்காரரு ஒம்போது தொங்கல்லயும் உண்டா?"

மகள் தனக்கு ஐஸ் வைக்கிறாள் என்று தெரியாத ஆளா பச்சமுத்து? தெரியும். ஆனாலும் குளிர்ந்தது. "அந்தக் கடைசி வூட்டுக் கல்ல நடுவுல தள்ளுங்க, மேக்க சாயுது பாரு" என்று அதட்டிக்கொண்டே ராட்டினத்துக்கு வந்துவிட்டார். அவர் பெண்டாட்டி ராஜாம்பாள் பெரிய பானையைக் கழுவித் தண்ணீர் ஊற்றி அடுப்புக்குப் பக்கத்தில் தயாராக வைத்தாள். உலை நேரத்தைப் பார்க்க ஊரில் வேறு கடிகாரம் இல்லை.

இங்கேதான் ஒரு தப்பு நடந்துபோனது. தொங்கல் கட்டியிருக்கிற மரத்தில் மறியல்காரர்கள் கை வைக்க மாட்டார்கள். வடம் விறைப்பாக மேலே போனால் அது தொங்கலார் மரம், அதை விட்டுவிட்டு அடுத்த மரத்துக்குப் போய்விடுவார்கள். ஆனால் தொங்கல் இறங்க இறங்க வடம் தொய்ந்து தரையில் சுருண்டு கிடந்தது. மறியலுக்குத் தலைமை தாங்கிய கண்ணாயிரம், ஏரிக்கரையில் குடிசை போட்டிருந்த கூலிக்காரர், யாரோ மாடு கட்டிவிட்டு மறந்துபோன கயிறு என்று நினைத்தார். அரிவாளால் ஒரே போடு. அப்புறம் நாலு பேராக ரம்பம் போட்டார்கள். மரம் சாய்ந்தது.

மேலே குருணித் தொங்கல் ஒரு குலுங்கு குலுங்கி நகர ஆரம்பித்தது. பிறந்த நாள் முதலாகக் கட்டிக்கிடந்த ஊர் அவிழ்ந்துகொண்டது! பசு மாடு கத்திக்கொண்டு நடுத்தெருவுக்கு ஓடியது. கோழிகள் பலாமரத்தில் ஏறிக்கொண்டன. குழந்தைகள் சந்தோஷத்தில் ஊளையிட்டன. மேல்காற்று தள்ள, கல்லும் ஆளுமாக எடை இழுக்க, ஏரியைத் தாண்டி, வாழைத்தோப்பின் தலையைத் தடவி, ரோட்டை நோக்கி இறங்கியது ஊர். "ஒதுங்கு! ஒதுங்கு!" என்று மேலிருந்து கத்தினார்கள். கீழே ரோட்டில் படுத்திருந்த மறியல்காரர்கள் நாலா பக்கமும் சிதறினார்கள். மூன்று நாளாகப் போலீஸ் வந்து கெஞ்சியும் மிரட்டியும் எழுந்திருக்காதவர்கள், அன்றைக்கு ஓடினார்கள் பாருங்கள், அப்படி ஒரு ஓட்டம்.

தொம்மென்று உட்கார்ந்தது குருணித் தொங்கல். வெட்டிப்போட்ட மரத்துக்கும் ஒரு ஜீப்புக்கும் நடுவில், ரோட்டை அடைத்துக்கொண்டு. புழுதி அடங்கியபோது ஜீப்பிலிருந்து ஒருவர் இறங்கினார். மறியல்காரர்களிடம் பேசி வழி விடச் சொல்லும்படி மேலிடம் அனுப்பியிருந்தது அவரைத்தான். துணைத் தாசில்தார் இளஞ்செழியன்.

இருசம்மாளுக்குத் தலைகால் புரியவில்லை. விளிம்பிலிருந்து ஒரே குதி. "சார்! ஊரு தரையில ஒக்காந்துடுச்சு. எழுதுங்க!"

பின்னாலேயே ராஜாம்பாள் அடுப்பைப் பற்றவைத்தாள்.

இளஞ்செழியன் ஊரைப் பார்த்தார். பலாமரத்திலிருந்து ஒரு கோழி அவரைப் பார்த்தது. வாயைத் திறந்ததும் விதிதான் வந்தது.

"இது நெடுஞ்சாலைப் பொறம்போக்கும்மா. இங்க ஊர் இருக்க முடியாது."

"தரைதானங்க கேட்டீங்க?"

"சர்க்கார் தரையில ஒக்காந்தா அதுக்குப் பேரு ஆக்கிரமிப்பு. நான் சான்றிதழ் குடுக்க முடியாது, நடவடிக்கைதான் எடுக்க முடியும்."

இருசம்மாளின் முகம் சுண்டிப்போனது. இத்தனை கல், இத்தனை ஆள், அப்பாவின் இத்தனை பயம், எல்லாம் வீணா? கண்ணில் நீர் முட்டியது. அதற்குள் கண்ணாயிரம் புழுதியைத் தட்டிக்கொண்டு வந்தார்.

"நடவடிக்கைன்னா இன்னா சார், பி மெமோதான?"

"ஆமா. பொறம்போக்குல ஒக்காந்தவங்களுக்கு சர்க்கார் குடுக்கற நோட்டீசு."

"தெரியுங்க. எங்க வூடே ஏரிப் பொறம்போக்குதான். வருசா வருசம் எனக்குக் குடுக்கறீங்களே. அந்தக் காயிதத்தக் காட்டித்தான் ரேசன் கார்டே வாங்கினேன்." அவர் இருசம்மாள் பக்கம் திரும்பினார். "பாப்பா, அதுல ஆளு பேரு, சாதி, ஊரு பேரு, நாலு எல்லை, அத்தினியும் எழுதி சீலு வெப்பாங்க. சர்க்காரே ஒன் ஊர எழுதிட்டா, அப்பறம் ஊரு இல்லன்னு யாரு சொல்ல முடியும்?"

இருசம்மாள் கண்ணைத் துடைத்தாள். "சார், எங்க மேல நடவடிக்க எடுங்க சார்."

"இன்னாது?"

"ஆக்கிரமிச்சுட்டோம் சார். ரொம்பத் தப்பு. உடனே பி மெமோ குடுங்க."

"குடு! குடு!" என்றது மறியல் கூட்டம். மூன்று நாளாக ஒரே கோஷத்தைப் போட்டுச் சலித்த தொண்டைகளுக்குப் புதுக் கோஷம் கிடைத்தால் விடுமா?

இளஞ்செழியன் யோசித்தார். ஆக்கிரமிப்பைக் கண்ணால் பார்த்த பிறகு பி மெமோ கொடுக்காமல் போவது விதிமீறல். அந்த ஒரு நினைப்பு அவரை அசைத்துவிட்டது. ஜீப்பிலிருந்து பையை எடுத்தார், நிலம் அளக்கிற சங்கிலியை எடுத்தார். சங்கிலியின் ஒரு முனையை மறியல்காரர்களும் மறு முனையைத் தொங்கலாரும் பிடித்துக்கொண்டு ஓடினார்கள். நாலு எல்லையையும் அவர் சத்தமாகச் சொல்லிக்கொண்டே எழுதினார். கிழக்கே அரசு ஜீப். மேற்கே வெட்டிச் சாய்த்த புளியமரம். வடக்கே கரும்புக் கொல்லை. தெற்கே மறியல்காரர்கள்.

"ஒலத்தண்ணி ஓரத்துல முட்டை வுடுது!" என்று ராஜாம்பாள் பானைக்குப் பக்கத்திலிருந்து கத்தினாள்.

பச்சமுத்து ஊரைச் சுற்றித் தவழ்ந்துகொண்டிருந்தார். அடிப்பாறையின் இடுக்குகளில் வெள்ளையாக, நூல் நூலாக, வேர் கிளம்பிவிட்டது. கதிர் அரிவாளால் அறுத்துக்கொண்டே போனார். அறுத்த இடத்திலேயே இன்னொன்று எட்டிப் பார்த்தது. "சீக்கிரம் எழுதச் சொல்லுடி!" என்று கத்தினார். பாவம், குரல் உடைந்துவிட்டது.

பி மெமோவில் சீல் விழுந்தது. அடுத்த நிமிடம் இருசம்மாள் சான்றிதழ்ப் படிவத்தை நீட்டினாள். "கிராமம், குருணித் தொங்கல்" என்று எழுதும்போது இளஞ்செழியன் ஒரு கணம் தயங்கினார். பக்கத்தில் தன் கையெழுத்தாலேயே எழுதிய பி மெமோ கிடந்தது. கையெழுத்துப் போட்டார். சீல் குத்தினார்.

"ஒலை கொதிச்சிடுச்சு!" என்று ராஜாம்பாள் குரல் வந்தது.

"எறங்குங்கடா எல்லாரும்!" என்றார் பச்சமுத்து. கல்லை எல்லாம் மேலேயே விட்டுவிட்டு ஆட்கள் ரோட்டில் குதித்தார்கள். ஊர் எழும்பவில்லை. அரை முழ வேர் பிடித்து வைத்திருந்தது. இருசம்மாள் சான்றிதழை ரவிக்கைக்குள் செருகிக்கொண்டு அடியில் தோள் கொடுத்தாள். பக்கத்தில் கண்ணாயிரம் தோள் கொடுத்தார். அப்புறம் மறியல் கூட்டம் மொத்தமும், கடைசியில் யாரும் எதிர்பாராத விதமாக, கண்ணாடியைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டு இளஞ்செழியனும். "ஆக்கிரமிப்ப அகத்தறதும் என் கடமைதான்" என்று அவர் யாரும் கேட்காமலே சொன்னார். "ஐலசா!" பட் பட் என்று வேர் அறுந்தது. ஊர் எழும்பியது. கண்ணாயிரம் தாவி, தான் அறுத்த வடத்தின் முனையைத் தானே பிடித்துக்கொண்டார். இன்னும் பத்துப் பேர் அதில் தொங்கினார்கள். தென்னைமர உயரத்தில் நின்றது குருணித் தொங்கல்.

எல்லாரும் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள். இருசம்மாள்தான் முதலில் நின்றாள்.

"மணி இன்னா சார்?"

"ரெண்டரை."

கள்ளக்குறிச்சிவரை ரோடெல்லாம் மரம். பஸ் இல்லை. சைக்கிளை முப்பது நாற்பது மரத்தின் மேல் தூக்கித் தூக்கி வைத்தால் ராத்திரி ஆகிவிடும். "நாங்க வழி வுட்டுடுவோம் பாப்பா" என்றார் கண்ணாயிரம் தலையைச் சொறிந்தபடி. "மரம் வழி வுடாதே."

பச்சமுத்து வடத்தைப் பார்த்தார். கட்ட மரம் இல்லை. மேல்காற்று கள்ளக்குறிச்சி பக்கமாகத்தான் வீசிக்கொண்டிருந்தது. நாற்பது வருஷமாக ஊர் ஒரு விரல் நகர்ந்தாலும் தூக்கம் கெட்டுப்போகிற மனிதர் அவர். மகளைப் பார்த்தார். தோளெல்லாம் செம்மண், தலையில் வேர்த்துணுக்கு.

"ஏறுடி" என்றார். "ஊரே ஒன்னக் கொண்டுபோயி வுடும்."

ஒவ்வொருவராகக் கூடையில் ஏறினார்கள். ஏற ஏற எடையைப் பார்த்துக் கல்லை இறக்கினார் பச்சமுத்து. மறியல்காரர்கள் நாற்பது பேர் தேர் வடம் பிடிக்கிற மாதிரி கயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள். காற்று பின்னாலிருந்து தள்ள, அவர்கள் மரம் தாண்டி, வாய்க்கால் தாண்டி, வரப்பில் வழுக்கி விழுந்து எழுந்து ஓடினார்கள். வழியில் இருந்த மறியல்காரர்கள் ஒவ்வொரு கூட்டமாக வந்து கயிற்றில் கை சேர்த்தார்கள். மேலிருந்து ராஜாம்பாள் அந்த உலையிலேயே அரிசி போட்டுப் பொங்கிய சோற்றை உருண்டை பிடித்து, ஓடுகிறவர்களுக்கு வீசினாள். பிடித்தவன் வாயில் போட்டுக்கொண்டான், விட்டவன் தலையில் அப்பிக்கொண்டான். விளிம்பில் உட்கார்ந்து காலைத் தொங்கவிட்டிருந்த இருசம்மாள் சிரித்த சிரிப்பில் அவளுக்கு விக்கலே வந்துவிட்டது. இத்தனை நாளும் இந்த ஊர் பறக்கக்கூடியது என்று ஒருத்தருக்கும் தோன்றவில்லையே! அந்த நினைப்பில் மறுபடி சிரித்தாள்.

கள்ளக்குறிச்சிக் கடைத்தெரு பொத்துக்கொண்டு வெளியே வந்தது. ஊரின் நிழல் கூரை கூரையாக நகர்ந்து, பயிற்சிப் பள்ளி வாசலில் நின்றது. ஐந்துக்குப் பத்து நிமிடம். மண்ணைத் தொடாமல் ஒரு ஆள் உயரத்தில் நிறுத்தி, மூச்சு வாங்கியபடி வாசல் கேட் தூணில் வடத்தைச் சுற்றினார் கண்ணாயிரம். இருசம்மாள் குதித்து உள்ளே ஓடினாள்.

உள்ளே விஜயலட்சுமி என்று ஒரு எழுத்தர் மேசையை ஒழித்துவிட்டுக் கிளம்பத் தயாராக இருந்தார். சான்றிதழை வாங்கி, சீலைப் பார்த்தார், கையெழுத்தைப் பார்த்தார். கசங்கியிருந்தாலும் குறை சொல்ல ஒன்றும் இல்லை. பதிவேட்டைத் திறந்து பேனாவை எடுத்தவர், ஒரு இடத்தில் நிறுத்தினார்.

"குருணித் தொங்கலா? இந்தப் பக்கத்துல அப்படி ஒரு ஊரு கேள்விப்பட்டதே இல்லையேம்மா. எங்க இருக்குது?"

இருசம்மாள் கையை நீட்டி வெளியே காட்டினாள். வந்தது சிரிப்பா அழுகையா என்று அவளுக்கே தெரியவில்லை.

"வாசல்ல நிக்குதுங்க" என்றாள்.